உனக்காக என் நெஞ்சு குறுகிப்போச்சு

கேள்வி: ஈரான் என்றாலே போர், முக்காடு, அணு உலை என்றுதான் காதில் விழுகிறது. அங்கே இருக்கிற சாதாரண ஜனங்கள் வீட்டுக்குள் எப்படி இருப்பார்கள்? காதல், கோபம், துக்கம் இதையெல்லாம் எப்படிச் சொல்லிக்கொள்வார்கள்?

துபாயில் ஒன்பது வருஷமாக ஈரானியர்களோடு ஒரே அலுவலகத்தில் குப்பை கொட்டுகிறேன். பாரசீகம் அவர்கள் வாயைப் பார்த்துக் கற்றுக்கொண்டதுதான். இரண்டு முறை அந்த நாட்டுக்குப் போய் வீடுகளில் தங்கியிருக்கிறேன். அவ்வளவுதான் என் தகுதி. சுமார் ஒன்பது கோடி ஜனங்கள் வாழ்கிற நாடு. பாரசீகம் தவிர அஜர்பைஜானித் துருக்கி, குர்தி, லூரி, பலூச்சி, அரபி பேசுகிறவர்களும் இருக்கிறார்கள். எல்லாரையும் ஒரே மூட்டையில் கட்ட முடியாது. நான் சொல்வது பெரும்பாலும் டெஹ்ரான், ஷிராஸ், இஸ்ஃபஹான் போன்ற ஊர்களின் நடுத்தரக் குடும்பங்களைப் பற்றி.

ஈரானியர்கள் இறுகிய முகக்காரர்கள், எதையும் வெளியே காட்டமாட்டார்கள் என்று நானும் ஒரு காலத்தில் நினைத்திருந்தேன். வேலைக்குச் சேர்ந்த முதல் வாரமே அது உடைந்தது. கேட்டவருக்கு ஒரு பேனாவை எடுத்துக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டு 'குர்பானத் பெரம்' என்றார். உனக்காக நான் பலியாகிறேன் என்று அர்த்தம். ஒரு பேனாவுக்கு! பக்கத்து மேஜைப் பெண் தன் அக்கா குழந்தையின் போட்டோவைக் காட்டி, 'இதோட ஈரலைத் தின்னணும்' என்றாள். செல்லம் கொஞ்சுகிறாளாம். கண்ணே, ராஜா என்று நாம் சொல்கிற இடத்தில் அவர்களுக்கு 'ஜிகர்' வரும். ஜிகர் என்றால் ஈரல்.

உடம்புக்குள்ளிருந்துதான் அவர்கள் உணர்ச்சிச் சொற்கள் எல்லாம் கிளம்புகின்றன. 'தெல்' என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். மனசு என்றும் அர்த்தம், வயிறு என்றும் அர்த்தம். 'தெல்-தர்த்' என்றால் வயிற்று வலி. அதையே திருப்பிப்போட்டு 'தர்தெ தெல்' என்றால் மனசில் இருக்கிற பாரத்தை ஒருவரிடம் இறக்கிவைப்பது. இரண்டு பெண்கள் கட்டிச் சர்க்கரையைப் பல்லிடுக்கில் வைத்துக்கொண்டு கறுப்புத் தேநீரை உறிஞ்சியபடி மூன்று மணி நேரம் பேசினால், அதை வம்பு என்று சொல்லிவிடக்கூடாது. அது தர்தெ தெல். மாமியார், வீட்டு வாடகை, புருஷனின் மௌனம், பரீட்சையில் கோட்டை விட்ட பிள்ளை எல்லாம் அதில் வரும். அப்படிப் பொறுமையாகக் கேட்டுக்கொள்கிற சிநேகிதிக்கு 'சங்கெ சபூர்' என்று பெயர், அதாவது பொறுமைக் கல். நாட்டுப்புறக் கதை ஒன்று அதற்குப் பின்னால் இருக்கிறது. யாரிடமும் சொல்ல முடியாத துயரத்தை ஒரு பெண் ஒரு கல்லிடம் சொல்லிக்கொண்டே வருவாள். கடைசியில் 'நீ வெடிக்கிறாயா, இல்லை நான் வெடிக்கட்டுமா' என்று அதனிடம் கேட்பாள். கல் உப்பி உப்பி வெடித்துவிடும்.

பிரிவைச் சொல்ல 'தெலம் பராத் தங் ஷொதே' என்பார்கள். உனக்காக என் நெஞ்சு குறுகிப்போய்விட்டது. சந்து குறுகலாக இருக்கிறது, செருப்பு இறுக்குகிறது என்று சொல்லவும் அதே 'தங்'தான். காரணம் சொல்லத் தெரியாத வாட்டத்துக்கு 'தெலம் கெரெஃப்தே'. சூரியனையும் சந்திரனையும் கிரகணம் பிடிப்பதற்கு இதே வினைதான் வரும், ஆக மனசைக் கிரகணம் பிடித்திருக்கிறது என்று வைத்துக்கொள்ளலாம். இதற்கு நேரம் காலமும் உண்டு. வெள்ளிக்கிழமை அங்கே விடுமுறை. அன்று சாயங்காலம், வெளிச்சம் மங்குகிற வேளையில் மனசு பிடிக்கும் என்பது எல்லோரும் ஒப்புக்கொண்ட விஷயம். 'கொரூபெ ஜொமே', வெள்ளி அந்தி என்று சொன்னாலே போதும், எதிரில் இருப்பவர் தலையாட்டுவார். ஞாயிற்றுக்கிழமை ராத்திரி நமக்கு வருகிற சலிப்புக்கு ஒரு தேசமே பெயர் வைத்து மரியாதை கொடுத்திருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். எனக்கு அதைவிடப் பிடித்த சொல் 'போக்ஸ்'. அழுகை இன்னும் கண்ணுக்கு வரவில்லை, ஆனால் தொண்டையில் வந்து உருண்டையாக நிற்கிறது. நாம் 'தொண்டை அடைக்குது' என்று இரண்டு சொல்லில் சொல்வதற்கு அவர்களிடம் தனியாக ஒரு பெயர்ச்சொல் இருக்கிறது. போக்ஸ் உடைந்தது என்றால் அழுதுவிட்டார்கள் என்று அர்த்தம்.

இந்தச் சொற்களில் சில நம் தெருவுக்கும் எப்போதோ வந்துவிட்டன. குஷி அங்கிருந்து உருது வழியாக வந்தது. பேஜாரும் அப்படித்தான். பாரசீகத்தில் 'பீசார்' என்றால் வெறுத்துப்போனவன், சலித்துப்போனவன். சென்னைக்கு வந்து சேர்வதற்குள் அது தொல்லையாகிவிட்டது.

துக்கத்துக்கு அங்கே ஒரு கௌரவம் உண்டு. எப்போதும் சிரித்துக்கொண்டே இருப்பவனைக் கொஞ்சம் இலேசானவன் என்றே எடைபோடுவார்கள். உள்ளே ஒரு சோகத்தை வைத்துக்கொண்டிருப்பவன் ஆழமானவன். பைரன் குட் என்ற அமெரிக்க மானுடவியலாளர் 1970களில் வடமேற்கு ஈரானில் மராகே என்ற ஊரில் தங்கி ஆராய்ந்தார். அங்கே ஜனங்கள் அடிக்கடி சொன்ன நோய் 'நாராஹத்தியெ கல்ப்', நெஞ்சு அமைதியாக இல்லை என்பது. இருதயம் படபடக்கிறது, பிசைகிறது என்பார்கள். தோண்டிக் கேட்டால் சாவு, கடன், வீட்டுச் சண்டை, முதுமை, கருத்தடை மாத்திரை பற்றிய பயம் எல்லாம் அந்த ஒரே புகாருக்குள் அடைந்து கிடக்கும். 1977இல் அவர் அதை எழுதினார். மருத்துவ மானுடவியல் படிப்பவர்கள் இன்றும் அதைப் படிக்கிறார்கள். பெரிய ஊர்களில் இன்று அதே ஜனங்கள் 'தெப் ஸதம்' என்கிறார்கள். டிப்ரஷனின் முதல் எழுத்துகளை வெட்டி எடுத்துக்கொண்ட பேச்சு. சொல் மாறியிருக்கிறது. ஆனால் மருத்துவரிடம் மாத்திரைச் சீட்டு வாங்கிக்கொண்டு வெளியே வந்ததும், அதே ஆள் சிநேகிதியைக் கூப்பிட்டு இரண்டு மணி நேரம் தர்தெ தெல் செய்வார்.

அழுவதற்கென்றே ஏற்பாடான இடமும் அங்கே இருக்கிறது. 680ஆம் ஆண்டு கர்பலாவில் நபிகளின் பேரன் இமாம் ஹுசைன் கொல்லப்பட்டதை நினைத்து முஹர்ரம் மாதத்தில் நடக்கும் ஊர்வலங்களைத் தொலைக்காட்சியில் பார்த்திருப்பீர்கள். நான் சொல்வது வீட்டு ஹாலில் நடக்கும் 'ரோஸே'யை. பல இடங்களில் பெண்கள் மட்டும் கூடுவார்கள். கர்பலாவின் கதையை ஒருவர் ராகம் போட்டுச் சொல்லிக்கொண்டு போவார். தாகத்தில் துடித்த குழந்தையின் கட்டம் வரும்போது விளக்கைக் குறைப்பார்கள். எல்லோரும் சால்வையை முகத்தில் போட்டுக்கொண்டு அழுவார்கள். போரில் மகனைப் பறிகொடுத்தவள் மகனுக்காக அழுவாள், கல்யாணம் கசந்தவள் அதற்காக அழுவாள். யார் எதற்கு அழுகிறார்கள் என்று யாரும் கேட்கமாட்டார்கள். நம் ஊர் எழவு வீட்டில் ஒப்பாரி வைக்கிறவள் தன் சொந்தக் கதையையும் அதில் கோத்துவிடுவாள் இல்லையா, அந்த மாதிரி. அரை மணியில் விளக்கு எரியும், தேநீர் வரும், சிரிப்பும் வந்துவிடும். தொழுகையே இல்லாதவர்கள்கூட இந்த ஒன்றை விடுவதில்லை.

சண்டை போடுவதிலும் ஒரு முறை வைத்திருக்கிறார்கள். 'கஹ்ர்' என்று பெயர். நம் குழந்தைகள் சுண்டுவிரலைக் காட்டிக் காய் விடுவார்களே, அதைப் பெரியவர்களும் செய்கிறார்கள். மாதக்கணக்கில், சில குடும்பங்களில் வருஷக்கணக்கில். அண்ணன் தம்பி இருவரும் ஒரே கல்யாணத்தில் எதிரெதிர் மூலையில் உட்கார்ந்து, பேசாமல் சாப்பிட்டுவிட்டுப் போவார்கள். கஹ்ரில் இருக்கிறேன் என்றால் நீ எனக்கு முக்கியம் என்பதும் அதற்குள் இருக்கிறது. வேண்டாதவனோடு யார் காய் விடுவார்கள்? பழம் விடுவதற்குப் பெயர் 'ஆஷ்தி'. அதைச் சம்பந்தப்பட்டவர்களே செய்துகொண்டால் மானம் போய்விடும். வயதில் மூத்த ஒருவர் நடுவில் வந்து இரண்டு பேர் கையையும் பிடித்துச் சேர்த்துவைக்க வேண்டும். மார்ச் 20, 21 வாக்கில் வரும் நௌரூஸ், அவர்களின் புத்தாண்டு, இதற்கு நல்ல சாக்கு. அன்று சின்னவர்கள் பெரியவர்கள் வீட்டுக்குப் போக வேண்டும் என்பது வழக்கம். வாசலுக்கு வந்துவிட்டவனைத் திருப்பி அனுப்ப முடியாது.

'தாரோஃப்' என்கிற உபசார முறையைப் பற்றிச் சொல்லாமல் ஈரானைப் பற்றிப் பேசினால் யாரும் நம்பமாட்டார்கள். டாக்ஸிக்காரரிடம் எவ்வளவு என்று கேட்டால் 'வேண்டாம், உங்களுக்கு இது ஒரு பொருட்டா' என்பார். இரண்டு மூன்று முறை வற்புறுத்திய பிறகு விலையைச் சொல்வார், அது குறைவாகவும் இருக்காது. வெளிநாட்டுக்காரர்கள் இதைப் பொய் உபசாரம் என்று எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. நன்றி சொல்ல 'உங்கள் கை வலிக்காமல் இருக்கட்டும்' என்பார்கள். வேலை செய்துகொண்டிருப்பவரைக் கடந்து போகும்போது 'களைத்துப் போகாதிருங்கள்' என்பார்கள். இதெல்லாம் நாள் முழுக்க ஒருவர் மேல் ஒருவர் மெல்லிய துணியைப் போர்த்துகிற காரியம். தொந்தரவு எங்கே என்றால், உண்மையிலேயே மனசைத் திறக்க வேண்டிய நேரத்திலும் அந்தத் துணி நடுவில் வரும். 'எப்படி இருக்கிறாய்' என்றால் 'நல்லா இருக்கேன், கடவுளுக்கு நன்றி, நீ எப்படி, அம்மா எப்படி' என்று ஐந்து நிமிஷம் ஓடும். ஆறாவது நிமிஷத்தில்தான் வேலை போய்விட்டது என்பது வெளியே வரும். அவசரக்காரனுக்கு ஈரானிய நண்பர்கள் கிடைக்கமாட்டார்கள்.

காதலுக்குள் 'நாஸ்' இருக்கிறது. சிணுங்கல், பிகு, ஊடல் மூன்றையும் கலந்து ஒரு கரண்டி எடுத்தால் அது நாஸ். ஒருவர் நாஸ் செய்வார், மற்றவர் அந்த நாஸை 'இழுப்பார்', அதாவது பொறுத்துக்கொண்டு கெஞ்சுவார். 'உன் நாஸை நான் விலைக்கு வாங்குகிறேன்' என்று சொல்வதும் உண்டு. காதலர்களோடு நிற்காது. காய்ச்சலில் படுத்திருக்கும் குழந்தையின் நாஸ், வயசான அப்பாவின் நாஸ் எல்லாம் வீட்டில் இழுக்கப்படும். இன்னொன்றையும் கவனித்தேன். அம்மா தன் குழந்தையை 'மாமான்' என்று கூப்பிடுகிறாள். மாமான் என்றால் அம்மா. அப்பா தன் மகனை 'பாபா' என்கிறார். மகளை 'வாம்மா' என்றும் மகனை 'என்னப்பா' என்றும் கூப்பிடுகிற நமக்கு இது விளக்கம் இல்லாமலே புரியும். அலுவலகத்தில் மற்ற நாட்டுக்காரர்கள் இதைக் கேட்டுக் குழம்பிப்போனபோது நான் மட்டும் சும்மா இருந்தேன்.

பாரசீகத்தில் அவன், அவள் கிடையாது. இருவருக்கும் 'ஊ' ஒன்றுதான். அதனால் 'அவரைப் பார்த்தேன், தூக்கம் போச்சு' என்று ஒருவர் எழுதினால் அந்த அவர் ஆணா, பெண்ணா, கடவுளா என்று மொழி காட்டிக்கொடுக்காது. அறுநூறு வருஷத்துக்கு மேல் ஆகியும் பாரசீகக் கவி ஹாஃபிஸின் கஜல்களில் இந்த மயக்கம் தீரவில்லை. சாதாரண ஜனங்கள் அவரைப் படிப்பதோடு விடுவதில்லை, குறி கேட்கிறார்கள். டிசம்பரில் வருஷத்தின் நீண்ட இரவு யல்தா. தர்பூசணியும் மாதுளையும் வெட்டிவைத்துக் குடும்பமே கூடும். ஒவ்வொருவரும் மனசுக்குள் ஒன்றை நினைத்துக்கொள்ள, தாத்தாவோ பாட்டியோ ஹாஃபிஸின் தொகுப்பைக் கண்மூடித் திறப்பார். விழுந்த கஜல்தான் பதில். மாமா பையனை நினைத்துக்கொண்டிருக்கிறாளா, கனடா விசாவை நினைத்துக்கொண்டிருக்கிறாளா என்று யாருக்கும் தெரியாது. கவிதையைக் கேட்கும்போது அவள் முகம் சிவப்பதைப் பார்த்து ஊகிக்கலாம், அவ்வளவுதான். சொல்ல முடியாததைச் சபை நடுவில் வைத்துக்கொண்டே யாரிடமும் சொல்லாமல் இருப்பதற்கு இதைவிட நல்ல வழி எனக்குத் தெரிந்து இல்லை. ஷிராஸில் அவர் சமாதிக்கு வெளியே சின்னப் பறவையை வைத்துச் சீட்டு எடுக்கச் சொல்கிறவர்கள் நிற்பார்கள். நம் கிளி ஜோசியக்காரர் மாதிரியேதான், சீட்டில் சாமி படத்துக்குப் பதில் ஹாஃபிஸ் வரி.

இப்போது உள்ளே, வெளியே என்ற விஷயத்துக்கு வருகிறேன். பழைய ஈரானிய வீடுகளில் 'பீரூனி' என்று வெளிக்கட்டும் 'அந்தரூனி' என்று உள்கட்டும் இருந்தன. வெளிக்கட்டில் ஆண் விருந்தாளிகள், உள்கட்டில் குடும்பம். மனிதர்களையும் அதே மாதிரி பார்ப்பார்கள்: வெளித்தோற்றம் 'ஸாஹெர்', உள்ளிருப்பது 'பாத்தென்'. இந்தப் பிரிவு 1979 புரட்சிக்கு ரொம்பக் காலம் முன்பே உண்டு. புரட்சி வந்து அந்தச் சுவரை ஏகத்துக்கு உயர்த்திவிட்டது. பாட்டு, நடனம், தலைமுடி, மது, காதல் எல்லாம் ஒரே அடியாக உள்கட்டுக்குத் தள்ளப்பட்டன. பெண் தனியாக மேடையேறி ஆண்கள் முன் பாட முடியாது. ஆனால் சொந்தக்காரர்கள் கூடும் எந்த வீட்டிலும் அத்தை பாடுவாள், பாட்டி தோளைக் குலுக்கி ஆடுவாள்.

திரைப்பட விழாக்களில் ஈரானியப் படம் பார்த்து அந்த நாட்டைப் புரிந்துகொண்ட நண்பர்கள் நமக்கு உண்டு. அவர்களுக்கு ஒரு சின்ன எச்சரிக்கை. தணிக்கை விதிப்படி, நாட்டுக்குள் முறையாக வெளியாகும் படங்களில் பெண் தன் வீட்டில் தனியாகத் தூங்கும்போதுகூட முக்காடு போட்டிருப்பாள். புருஷன் பெண்டாட்டி விரல்கூடப் பட்டுக்கொள்ளமாட்டார்கள். அழுகிற மகனை அம்மா கட்டிப்பிடிக்க வேண்டிய இடத்தில் கேமரா வேறு பக்கம் திரும்பிவிடும். நிஜ வீடுகளில் அவர்கள் கட்டிப்பிடித்து, கன்னத்தில் மாறி மாறி முத்தம் கொடுத்து, மேலே விழுந்து பேசுகிறவர்கள். படத்தில் தெரிகிற அந்த மௌனமான தூரத்தில் பாதி, விதி போட்ட தூரம்.

இரட்டை வாழ்க்கையை முதலில் கற்றுக்கொண்டவர்கள் குழந்தைகள். ஈரானியக் கணக்கில் 1360களில், அதாவது நம் 1980களில் பிறந்தவர்களை 'தஹெ ஷஸ்தி' என்பார்கள். ஈராக்கோடு 1980 செப்டம்பரிலிருந்து 1988 ஆகஸ்ட் வரை நடந்த போர்தான் அவர்களின் குழந்தைப் பருவம். அபாயச் சங்கு ஊதும், மின்சாரம் போகும், ஜன்னல் கண்ணாடியில் பெருக்கல் குறி போட்டு டேப் ஒட்டியிருக்கும், மாடிப்படிக்குக் கீழே குடும்பமே குந்தியிருக்கும். ரேஷன் கூப்பன், இரண்டு ஷிஃப்டாக நடக்கும் பள்ளிக்கூடம். அன்றைக்கு வீடியோ பிளேயர் தடை செய்யப்பட்ட பொருள். பெட்டியில் கேசட்டுகளை அடுக்கிக்கொண்டு வீடு வீடாக வருகிறவர் ஒருவர் இருப்பார். ஆசிரியை வகுப்பில் நைச்சியமாக 'உங்கள் வீட்டில் வீடியோ இருக்கிறதா, அப்பா சீட்டு விளையாடுவாரா' என்று கேட்பார். ஏழு வயதுக் குழந்தை முகம் மாறாமல் இல்லை என்று சொல்லப் பழகியது. இன்று நாற்பதைத் தாண்டிய என் சகாக்கள் இதைச் சிரித்துக்கொண்டேதான் சொல்கிறார்கள். ஆனால் தீபாவளி ராத்திரி வெடிச் சத்தம் கேட்டு ஒருத்தி கோப்பையைக் கீழே போட்டதை நான் பார்த்திருக்கிறேன். தங்களையே 'எரிந்த தலைமுறை' என்று அழைத்துக்கொள்கிறவர்கள் அவர்கள்.

சரி, கல்யாணம். பெண் பார்க்கும் படலம் நம் ஊர் மாதிரியே. பெண் தேநீர்த் தட்டோடு வருவாள். நிக்காஹில் சம்மதம் கேட்கும்போது அவள் உடனே பதில் சொல்லக்கூடாது. சுற்றி நிற்கும் பெண்கள் 'பொண்ணு பூப்பறிக்கப் போயிருக்கா' என்று கத்துவார்கள். இரண்டாம் முறை 'பன்னீர் கொண்டுவரப் போயிருக்கா'. மூன்றாம் முறைதான் 'பெரியவர்கள் அனுமதியோடு, சம்மதம்' என்பாள். இந்த விளையாட்டுக்கு நடுவில் ஒரு கடினமான கணக்கு ஓடுகிறது. அதன் பெயர் 'மெஹ்ரியே', மாப்பிள்ளை பெண்ணுக்குக் கொடுப்பதாக எழுதிக்கொடுக்கும் தங்கக் காசு. ஒரு காசு எட்டு கிராமுக்குச் சற்று மேல், நம் கணக்கில் ஒரு சவரன். சிலர் குர்ஆன் அத்தியாயங்களின் எண்ணிக்கையை வைத்து 114 என்று எழுதுவார்கள். சிலர் பெண் பிறந்த வருஷத்தை எழுதிவிடுவார்கள்: 1365இல் பிறந்தாள், ஆகவே 1365 காசு! 'மெஹ்ரியேவை யார் கொடுத்தார், யார் வாங்கினார்' என்று அப்போது சிரித்துக்கொண்டு சொல்வார்கள்.

வாங்குகிற நாளும் வருகிறது. சட்டப்படி விவாகரத்து உரிமை பெரும்பாலும் ஆண் கையில். பெண்ணிடம் இருக்கிற முக்கியமான பிடி இந்தக் காசுதான், கேட்டால் அவன் கொடுத்தாக வேண்டும். கொடுக்க முடியாமல் சிறைக்குப் போனவர்கள் ஏராளம். 2013இல் வந்த குடும்பச் சட்டம், 110 காசு வரைக்கும்தான் சிறைக்கு அனுப்பலாம் என்று வரம்பு போட்டது. அப்புறம் ஈரானியப் பணமான தோமானின் மதிப்பு சரிந்தது. 2018 தொடக்கத்தில் ஒரு காசு ஏறத்தாழ பதினைந்து லட்சம் தோமான். 2025இல் அது பத்துக் கோடியைத் தாண்டியது. அன்பின் அடையாளமாக எழுதிய எண், வருஷத்துக்கு வருஷம் மேசை டிராயருக்குள் தானே பெருத்துக்கொண்டிருக்கிறது. சண்டையே இல்லாத வீட்டிலும் அது அங்கே இருக்கிறது என்பது இருவருக்கும் தெரியும். வெளியே வரத் துடிக்கிற பெண்கள் பலர் அந்தக் காசை விட்டுக்கொடுத்துத்தான் விடுதலை வாங்குகிறார்கள். அதற்கும் ஒரு பழஞ்சொல் இருக்கிறது: 'மெஹ்ரம் ஹலால், ஜானம் ஆஸாத்'. என் மெஹ்ரை நீயே வைத்துக்கொள், என் உயிரை விடுதலை செய்.

இதையெல்லாம் பார்த்து வளர்ந்த இளைஞர்கள் கல்யாணத்தைத் தள்ளிப்போடுவதில் ஆச்சரியம் இல்லை. பெரிய நகரங்களில் காகிதம் இல்லாமல் சேர்ந்து வாழ்கிறார்கள். 'வெள்ளைக் கல்யாணம்' என்று பெயர். சட்டத்துக்கு விரோதம். வீட்டுக்காரர் திருமணச் சான்றிதழ் கேட்பார், மோதிரம் போட்டுக்கொண்டு சமாளிப்பார்கள். சட்டம் அனுமதிக்கிற தற்காலிகத் திருமணம் இருக்கிறதே என்று கேட்டால் முகம் சுளிப்பார்கள். அதைவிட இது கௌரவம் என்பது அவர்கள் கணக்கு. முன்பெல்லாம் காதல் காருக்குள் நடந்தது. டெஹ்ரானின் வடக்குத் தெருக்களில் இரவில் சுற்றிச் சுற்றி வருவார்கள், போன் நம்பர் எழுதிய துண்டுச் சீட்டு ஒரு ஜன்னலிலிருந்து இன்னொரு ஜன்னலுக்குப் பறக்கும். சோதனைச் சாவடியில் நிறுத்தினால் முதல் கேள்வி 'உங்களுக்குள் என்ன உறவு?'. ஒரு சகா சொன்னார்: 'இருபது வயசில் எனக்கு அந்தக் கேள்விக்கே பதில் தெரியாது, காவல்காரருக்கு எப்படிச் சொல்வது?'

அடைத்துவைத்தது சில ராத்திரிகளில் தெருவுக்கு வரும். 1997 நவம்பர் 29இல் மெல்போர்னில் ஆஸ்திரேலியாவோடு கால்பந்தில் இரண்டுக்கு இரண்டு என்று டிரா செய்து ஈரான் உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்றபோது ஆணும் பெண்ணும் தெருவில் ஆடினார்கள். அணி ஊர் திரும்பியபோது, தங்களுக்கு அனுமதி இல்லாத டெஹ்ரான் ஆஸாதி மைதானத்துக்குள்ளேயே பெண்கள் புகுந்துவிட்டார்கள். இஸ்ஃபஹானில் காஜு பாலத்தின் வளைவுகளுக்கடியில் இரவு நேரத்தில் முன்பின் தெரியாத ஆண்கள் மாறி மாறிப் பழைய பாட்டுகளைப் பாடுவார்கள். நானும் ஒரு மணி நேரம் அங்கே நின்றேன். மீசைக்காரர் ஒருவர் கண்ணை மூடிப் பாடி முடித்ததும் கூட்டத்தில் யாரும் கைதட்டவில்லை. பெருமூச்சு மட்டும் வந்தது. முக்காடு சரியாக இல்லை என்று காவலில் எடுக்கப்பட்ட மஹ்ஸா அமினி என்ற இளம்பெண் 2022 செப்டம்பர் 16இல் இறந்த பிறகு நடந்த போராட்டங்களை நீங்களே அறிவீர்கள். அந்த வாரங்களில் ஜனங்கள் ட்விட்டரில் 'பராயே', அதாவது 'இதற்காக' என்று தொடங்கித் தங்கள் ஏக்கங்களை ஒவ்வொரு வரியாக எழுதினார்கள். சந்தில் ஆடுவதற்காக, முத்தமிடப் பயப்படுவதற்காக என்று வந்தவற்றைப் பார்த்தபோது எனக்கு அது போராட்ட முழக்கமாகப் படவில்லை. ஊரே ஒரே நேரத்தில் தர்தெ தெல் செய்வது மாதிரிதான் இருந்தது.

எல்லாவற்றையும்விட இன்று ஈரானிய வீடுகளை அரிப்பது பிள்ளைகள் கிளம்பிப் போவது. போகிறவரைக் குர்ஆனுக்குக் கீழே குனிந்து கடக்கச் சொல்வார்கள். வாசல் தாண்டியதும் பின்னால் ஒரு கிண்ணம் தண்ணீரைக் கொட்டுவார்கள், தண்ணீர் மாதிரி சுலபமாகப் போய்த் திரும்ப வேண்டும் என்று. சில நாள் கழித்து 'ஆஷெ போஷ்தெ பா' என்று ஒரு கஞ்சி சமைத்து அக்கம்பக்கத்துக்குக் கொடுப்பார்கள், அதாவது காலடிக்குப் பின்னால் வைக்கிற கஞ்சி. அதில் நூடுல்ஸ் போடுவார்கள், போனவர் பாதையின் நூல் அறுந்துவிடக்கூடாது. 2020 ஜனவரி 8 அன்று டெஹ்ரானிலிருந்து கிளம்பிய உக்ரைன் விமானம் ஈரானின் சொந்த ஏவுகணையால் விழுந்து 176 பேர் இறந்தார்கள். விடுமுறைக்கு வந்து கனடாவுக்குத் திரும்பிக்கொண்டிருந்த மாணவர்கள் அதில் பலர். அவர்கள் வீடுகளிலும் தண்ணீர் கொட்டித்தான் அனுப்பியிருப்பார்கள். அந்த வாரம் எங்கள் அலுவலகத்தில் யாரும் தாரோஃப் செய்யவில்லை.

இல்லாதவரை நினைக்க அவர்கள் சொல்வது 'ஜாத் காலி', உன் இடம் காலியாக இருக்கிறது. விருந்துக்குப் போய் வந்தால் சொல்வார்கள், நல்ல மழை பெய்தால் சொல்வார்கள். வெறும் உபசாரமாகவும் சொல்வார்கள்.

2025 ஜூனில் இஸ்ரேலோடு பன்னிரண்டு நாள் போர் நடந்தபோது இணையம் நின்றுபோனது. என் பக்கத்து மேஜைக்காரருக்கு டெஹ்ரானில் அம்மா. தரைவழித் தொலைபேசிக்கு அடித்தால் ஏதோ ஒரு இயந்திரக் குரல் ஆங்கிலத்தில் சம்பந்தமில்லாமல் பேசியது. நாலாவது நாள் எப்படியோ இணைப்பு கிடைத்தது. ஸ்பீக்கரில் போட்டார். டெஹ்ரான்காரர்கள் நிறையப் பேர் காஸ்பியன் கடல் பக்கம் ஓடியிருந்தார்கள், அந்த அம்மாவும் அங்கே ஒரு சொந்தக்காரர் வீட்டில். 'பதினெட்டு பேர் இருக்கோம் மாமான், ரெண்டு படுக்கையறை. நேத்து குர்மே சப்ஜி வெச்சோம், ஜாத் காலி' என்றார். இவர் சிரித்தார். அப்புறம் போனை என் கையில் திணித்துவிட்டு ஜன்னல் பக்கம் போய்விட்டார். என்ன பேசுவது என்று தெரியாமல் 'உங்கள் கை வலிக்காமல் இருக்கட்டும், அம்மா' என்றேன். பின்னால் யாரோ குழந்தையை அதட்டுவது கேட்டது. 'எப்பப்பா நம்ம வீட்டுக்கு வர்றே?' என்றார் அவர். தாரோஃபா, நிஜமாகவே கூப்பிடுகிறாரா என்று பிரித்துப் பார்க்க எனக்கு அப்போது தோன்றவில்லை. கண்டிப்பாக வருகிறேன் என்று சொன்னேன்.